ரஸ்ஸல் பியர்ஸ்: அரிசோனா மேலவைத் தலைவர் ஏறிய படியும் இறங்கிய படியும் (கேள்வி பதில்)

இன்றைய அமர்வு ஒரே ஒரு மனிதரைப் பற்றியது. ரஸ்ஸல் பியர்ஸ், குடியரசுக் கட்சி, அரிசோனா. 1947 ஜூன் 23இல் மேசா நகரில் பிறந்தார். 2023 ஜனவரி 5இல் மறைந்தார். ஆவணமில்லாத குடியேறிகளைக் குறிவைத்த மாநிலச் சட்டமான எஸ்.பி. 1070ஐக் கொண்டுவந்தவர், பிறகு தொகுதி மக்களாலேயே பதவியிலிருந்து திரும்ப அழைக்கப்பட்டவர் என்று எல்லோருக்கும் தெரியும். அவர் எந்த விதியைப் பிடித்து மேலே வந்தார், எந்த விதி அவரைக் கீழே இறக்கியது என்பதுதான் எனக்கு முக்கியம். அவரை வெறுப்பவர்களும் விரும்புபவர்களும் அதைப் படிக்காமலே பேசுகிறார்கள். கேளுங்கள்.

மதுரை வாசகர்: ஐயா, பியர்ஸ் அமெரிக்க செனட்டராக எத்தனை ஆண்டு இருந்தார்?

ஒரு நாள்கூட இல்லை. அவர் இருந்தது அரிசோனா மாநில மேலவையில். வாஷிங்டனில் இருக்கும் செனட் வேறு. 2001 முதல் எட்டு ஆண்டுகள் மாநிலக் கீழவை. 2009 ஜனவரியிலிருந்து மேலவை. 2011 ஜனவரியில் மேலவைத் தலைவர். அதே ஆண்டு நவம்பரில் பதவி போனது. மேலவையில் 30 பேர், கீழவையில் 60 பேர். மாநிலம் 30 தொகுதிகளாகப் பிரிக்கப்பட்டு, ஒவ்வொரு தொகுதியும் ஒரு மேலவை உறுப்பினரையும் இரண்டு கீழவை உறுப்பினர்களையும் நேரடியாகத் தேர்ந்தெடுக்கும். பதவிக்காலம் இரண்டு ஆண்டுதான். 1986இல் கலைக்கப்பட்ட நம் தமிழக மேலவையை மனதில் வைத்துக்கொண்டு இதைப் படிக்காதீர்கள்; அங்கே பட்டதாரித் தொகுதியும் கிடையாது, நியமனமும் கிடையாது.

இந்த வேறுபாட்டை எல்லோரும் நினைவில் வையுங்கள். இல்லாவிட்டால் கீழே வரும் எதுவும் புரியாது.

கோவை, அரசியல் அறிவியல் மாணவி: அரசியலுக்கு வருவதற்கு முன் என்ன செய்தார்? சுருக்கமாகப் போதும் சார்.

போலீஸ்காரர். மாரிகோப்பா கவுண்டி (நம் மாவட்டம் போன்றது) ஷெரிஃப், அதாவது அங்குள்ள போலீஸ் தலைவர், அலுவலகத்தில் இருபது ஆண்டுகளுக்கும் மேல் வேலை. 1977இல் பணியின்போது சுடப்பட்டு வலது கையில் ஒரு விரலை இழந்தார். ஷெரிஃப் ஜோ அர்பையோவின் கீழ் தலைமைத் துணை அதிகாரியாக உயர்ந்தார். 1993இல் கைதிகளுக்குக் கூடாரச் சிறை அமைத்ததில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. பிறகு மாநில மோட்டார் வாகனப் பிரிவின் இயக்குநர். 1999இல் அந்தப் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். அடுத்த ஆண்டே தேர்தலில் நின்று வென்றார்.

ஈரோடு வாசகர்: அண்ணே, ஒரு எம்.எல்.ஏ. தனியாளா இவ்வளவு சட்டம் எப்படிக் கொண்டுவர முடிஞ்சது? அங்க கட்சிக் கொறடா இல்லையா?

நல்ல கேள்வி, இதற்கு விரிவாகவே சொல்கிறேன்.

முதலில், அங்கே கொறடா உத்தரவை மீறினால் பதவி போகாது. கட்சித் தாவல் சட்டம் இல்லை. ஒவ்வொரு உறுப்பினரும் தன் பெயரில் மசோதா கொண்டுவரலாம். ஆண்டுச் சம்பளம் 24,000 டாலர்தான், கூட்டத்தொடர் ஜனவரி இரண்டாவது திங்கட்கிழமை தொடங்கும், நூறு நாளுக்குள் முடிப்பது இலக்கு. ஆகவே பெரும்பாலான உறுப்பினர்களுக்கு வேறு தொழில் உண்டு. முழுநேரமும் சட்ட வாசகத்தோடு உட்காருகிறவருக்கு அங்கே பலம் அதிகம். பியர்ஸ் அப்படி உட்கார்ந்தார். அதோடு நிதி ஒதுக்கீட்டுக் குழுவின் தலைவராகவும் இருந்தார். உங்கள் ஊர்ச் சாலைக்குப் பணம் அந்தக் குழு வழியாகத்தான் வர வேண்டும் என்றால், அந்தத் தலைவரின் மசோதாவை எளிதில் எதிர்க்க மாட்டீர்கள்.

அடுத்தது வழி தேர்வு. 2003 முதல் 2009 தொடக்கம் வரை ஆளுநர் ஜேனட் நபொலிடானோ, ஜனநாயகக் கட்சி. அங்கே ஆளுநர் மக்களால் தேர்ந்தெடுக்கப்படுபவர், அவரது வீட்டோ உண்மையான வீட்டோ. அதைத் தாண்ட மூன்றில் இரண்டு பங்கு வேண்டும். பியர்ஸிடம் அது இல்லை. எனவே மூன்று பாதைகளை மாற்றி மாற்றிப் பயன்படுத்தினார்.

ஒன்று, மக்களிடம் கையெழுத்து வாங்கி நேரடி வாக்கெடுப்பு. 2004இன் முன்மொழிவு 200 அப்படி வந்தது. வாக்காளர் பதிவுக்குக் குடியுரிமைச் சான்று கேட்டது. அவர் அதன் முன்னணி ஆதரவாளர். இன்னொன்று, இரு அவைகளும் சாதாரணப் பெரும்பான்மையில் தீர்மானம் போட்டு வாக்கெடுப்புக்கு அனுப்புவது. இதற்கு ஆளுநர் கையெழுத்தே தேவையில்லை! 2006இல் முன்மொழிவு 100 (கடுமையான குற்றம் சாட்டப்பட்ட, ஆவணமில்லாத குடியேறிகளுக்குப் பிணை மறுப்பு), முன்மொழிவு 300 (அவர்களுக்கு உள்மாநிலக் கல்விக் கட்டணச் சலுகை மறுப்பு) இரண்டும் இந்த வழியில் வந்து வென்றன. மூன்றாவது, ஆளுநரே மறுக்க முடியாதபடி மசோதாவை வடிவமைப்பது. அதற்கு உதாரணம் 2007இன் வேலையளிப்போர் சட்டம். ஜூலை 2இல் நபொலிடானோவே கையெழுத்திட்டார்.

அந்தச் சட்டத்தின் கட்டமைப்பைக் கவனியுங்கள். ஆவணமில்லாதவர்களை வேலைக்கு வைப்பவர்களுக்கு மாநிலங்கள் அபராதமோ சிறையோ விதிக்கக் கூடாது என்று 1986ஆம் ஆண்டு மத்தியச் சட்டம் தடுக்கிறது. ஆனால் அதே வாக்கியத்தில் ஒரு விலக்கு உண்டு: உரிமம் தொடர்பான சட்டங்கள் நீங்கலாக. பியர்ஸின் சட்டம் அந்த விலக்கின் மேல் கட்டப்பட்டது. தெரிந்தே வேலைக்கு வைத்தால் முதல் முறை தொழில் உரிமம் பத்து வேலைநாள் வரை நிறுத்தம், மூன்று ஆண்டு கண்காணிப்பு; அந்தக் காலத்தில் மீண்டும் பிடிபட்டால் உரிமம் நிரந்தரமாக ரத்து. வணிகச் சங்கங்கள் வழக்குப் போட்டன. 2011 மே 26இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் 5-3 என்ற கணக்கில் சட்டத்தை ஏற்றது. ஒரு விலக்குச் சொற்றொடரைப் படித்துச் செய்த வேலை அது. கொள்கையில் அவரோடு உடன்படாதவர்களும் இந்த வேலையைப் படிக்க வேண்டும்.

நெல்லை வாசகர்: எஸ்.பி. 1070 என்றால் அது 1070ஆவது மசோதாவா?

எழுபதாவது. மேலவை மசோதாக்கள் 1001இலும் கீழவை மசோதாக்கள் 2001இலும் தொடங்கும். எண்ணைப் பார்த்தாலே எந்த அவையில் பிறந்தது என்று தெரிந்துவிடும்.

சென்னை, சட்ட மாணவர்: சார், 1070ஐ உச்ச நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது என்கிறார்கள். அப்படியென்றால் பியர்ஸ் தோற்றார்தானே?

பிரிவு எண்ணைச் சொல்லாமல் 1070ஐப் பற்றி யாரும் பேசாதீர்கள். இதை இன்னும் பலமுறை சொல்வேன்.

2010 ஏப்ரல் 23இல் ஆளுநர் ஜான் ப்ரூவர் கையெழுத்திட்டார். ஒரு வாரத்தில், ஏப்ரல் 30இல், எச்.பி. 2162 என்ற திருத்தம் வந்தது. முதல் வடிவத்தில் போலீசின் 'சட்டபூர்வமான தொடர்பு' எதுவானாலும் குடியேற்ற நிலையை விசாரிக்கலாம். அதாவது புகார் கொடுக்க வந்தவரையும் கேட்கலாம். திருத்தம் அதை 'நிறுத்துதல், தடுத்துவைத்தல், கைது' என்று சுருக்கியது. இனத்தை 'மட்டும்' வைத்து முடிவு செய்யக் கூடாது என்றிருந்ததில் 'மட்டும்' என்ற சொல்லை எடுத்தது. அந்த ஒரு சொல் போனதும் பொருள் தலைகீழாகிறது, பாருங்கள். பழைய வடிவத்தை வைத்துக்கொண்டு வாதாடுவதுதான் இந்தச் சட்டத்தில் அதிகம் நடக்கும் தவறு.

2010 ஜூலை 28இல் நீதிபதி சூசன் போல்டன் சில பிரிவுகளுக்கு இடைக்காலத் தடை போட்டார். மற்றவை மறுநாள் நடைமுறைக்கு வந்தன. ஜூலை 29 என்ற தேதி எங்கிருந்து வந்தது? அந்தக் கூட்டத்தொடர் முடிந்தது ஏப்ரல் 29. அரிசோனாவில் சாதாரணச் சட்டம் அதிலிருந்து 91ஆம் நாள் அமலாகும். எண்ணிப் பாருங்கள், சரியாக வரும்.

2012 ஜூன் 25இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. பிரிவு 3 (குடியேற்றப் பதிவு ஆவணம் வைத்திராதது மாநிலக் குற்றம்) ரத்து, 6-2. பிரிவு 5(சி) (அனுமதியின்றி வேலை தேடுவது குற்றம்) ரத்து, 5-3. பிரிவு 6 (நாடுகடத்தத் தக்க குற்றம் செய்தவர் என்று கருதினால் பிடியாணையின்றிக் கைது) ரத்து, 5-3. பிரிவு 2(பி), அதாவது நிறுத்தியவர் மீது நியாயமான சந்தேகம் இருந்தால் நிலையைச் சரிபார்க்கும் கடமை, நின்றது. அதில் எட்டு நீதிபதிகளும் ஒருமித்தார்கள். ஒன்பதாமவரான எலினா கேகன் இந்த வழக்கில் விலகியிருந்தார். ஆக 'ரத்து' என்பதும் தவறு, 'வெற்றி' என்பதும் தவறு. எதிர்ப்பாளர்கள் அதிகம் அஞ்சியது 2(பி)யைத்தான். அது நின்றது.

அரிசோனாவின் சாண்ட்லரிலிருந்து ஒருவர்: அண்ணா, நான் எச்-1பியில் இருக்கேன். காரில் போகும்போது என்னென்ன கையில வெச்சிருக்கணும்? பிரிவு 3 போயிடுச்சுன்னா ஒண்ணும் தேவையில்லைதானே?

தேவை தம்பி. போனது மாநிலக் குற்றம் மட்டும். பதினெட்டு வயது நிரம்பிய வெளிநாட்டவர் பதிவு ஆவணத்தை உடன் வைத்திருக்க வேண்டும் என்பது பழைய மத்தியச் சட்டம். அது அப்படியே இருக்கிறது. உங்களுக்கு அது ஐ-94 என்ற வருகைப் பதிவு, அச்செடுத்து வைத்துக்கொள்ளுங்கள். நிரந்தர வசிப்புரிமை அட்டை (கிரீன் கார்டு) உள்ளவர்கள் அந்த அட்டையையே வைத்திருக்க வேண்டும், நகல் போதாது. செல்லுபடியாகும் அரிசோனா ஓட்டுநர் உரிமம் காட்டினால், 2(பி)யின்படி நீங்கள் சட்டபூர்வமாக இருப்பதாகவே அனுமானிக்க வேண்டும். உரிமம் காலாவதியானால் அந்தப் பாதுகாப்பு போய்விடும். விசா நீட்டிப்பு வந்ததும் உரிமத்தையும் புதுப்பியுங்கள். உங்கள் வழக்கில் ஏதாவது சிக்கல் இருந்தால் குடியேற்ற வழக்கறிஞரிடம் போங்கள், இங்கே கேட்காதீர்கள்.

சேலம் வாசகர்: அமெரிக்க செனட்டில் அவருடைய மசோதாவுக்கு எத்தனை ஓட்டு?

மாநில மேலவை. முதல் பதிலைப் பாருங்கள்.

விருதுநகர் வாசகர்: ஏன் 2010இல் மட்டும் நிறைவேறியது? அதற்கு முன் முயலவில்லையா?

முயன்றார். முந்தைய வடிவங்களை நபொலிடானோ வீட்டோ செய்தார். 2009 ஜனவரியில் அவர் ஒபாமா அமைச்சரவையில் உள்நாட்டுப் பாதுகாப்புத் துறைக்குப் போனார். அப்போது அரிசோனாவில் துணை ஆளுநர் பதவியே கிடையாது. மாநிலச் செயலாளர்தான் அடுத்தவர். அந்த நாற்காலியில் இருந்தவர் குடியரசுக் கட்சியின் ப்ரூவர். ஒரு வீட்டோ பேனா வாஷிங்டனுக்குப் போனதுதான் முதல் காரணம். அடுத்து, 2010 மார்ச் 27இல் எல்லையோரத்தில் ஒரு பண்ணையாளர் சுட்டுக் கொல்லப்பட்டார். தயங்கிய உறுப்பினர்கள் அதற்குப் பிறகு தயங்கவில்லை. ப்ரூவருக்கும் அந்த ஆண்டு தேர்தல். மூன்றும் ஒரே வசந்தத்தில் கூடின.

புதுச்சேரி வாசகி: துப்பாக்கிச் சட்டம் எதுவும் உண்டா?

உண்டு, அதே ஆண்டு. எஸ்.பி. 1108. 21 வயது நிரம்பியவர் அனுமதிச் சீட்டின்றி மறைத்துத் துப்பாக்கி வைத்திருக்கலாம் என்றது. அலாஸ்கா, வெர்மான்ட் மாநிலங்களுக்கு அடுத்து அரிசோனா. சீட்டு ஒழிக்கப்படவில்லை, விரும்புபவர் வாங்கலாம், வேறு மாநிலங்களில் அது பயன்படும்.

டெக்சாஸிலிருந்து ஒருவர்: திரும்ப அழைப்பு ஒரு ஜனநாயகக் கட்சிச் சூழ்ச்சி. சொந்தக் கட்சிக்காரர்கள் அவரைக் கைவிடவில்லை. ஒத்துக்கொள்வீர்களா?

ஒத்துக்கொள்ள மாட்டேன். முதலில் கணக்கைப் பார்ப்போம்.

அரிசோனாவில் கடந்த தேர்தலில் அந்தப் பதவிக்கு விழுந்த வாக்குகளில் 25 சதவீதம் கையெழுத்தாக வேண்டும். பியர்ஸின் 18ஆம் தொகுதியில் அது 7,756. கால அவகாசம் 120 நாள். மனு தொடங்கியது 2011 ஜனவரி 31, ஒப்படைத்தது மே 31. கடைசி நாள்வரை எடுத்துக்கொண்டார்கள். கொடுத்தது 18,315. தேறியது 10,365. ஏறத்தாழ எட்டாயிரம் கழிந்ததைக் கவனியுங்கள். தொகுதிக்கு வெளியே இருப்பவர், பதிவு செய்யாதவர், கையொப்பம் பொருந்தாதவர், இருமுறை போட்டவர் எல்லாம் கழிவார்கள். தேவையைப் போல் இரண்டு மடங்கு வாங்காமல் இந்த வேலையில் யாரும் இறங்கக் கூடாது. மனுவில் காரணத்தை 200 சொல்லுக்குள் எழுத வேண்டும். பதவியில் இருப்பவர் தன் பதிலை 200 சொல்லுக்குள் தரலாம். ஐந்து நாளுக்குள் விலகலாம். விலகாவிட்டால் அவர் பெயர் தானாகவே வாக்குச்சீட்டில் ஏறும்.

நவம்பர் 8இல் நடந்த திரும்ப அழைப்புத் தேர்தலில் வென்ற ஜெரி லூயிஸ் யார்? குடியரசுக் கட்சிக்காரர். பியர்ஸைப் போலவே, யூட்டாவைத் தலைமையிடமாகக் கொண்ட மார்மன் திருச்சபையைச் சேர்ந்தவர். ஜனநாயகக் கட்சி வேட்பாளர் யாரும் நிற்கவில்லை. மனு இயக்கத்தை முன்னின்று நடத்திய ராண்டி பராஸ் ஜனநாயகக் கட்சிக்காரர், உண்மை. ஆனால் குடியரசுக் கட்சி வாக்குகள் இல்லாமல் மேசாவில் அந்த முடிவு வராது.

டெக்சாஸிலிருந்து ஒருவர்: வந்திருக்கும். உட்கட்சித் தேர்தல் இல்லாததால் எதிர்க்கட்சி வாக்காளர்களும் லூயிஸுக்குப் போட்டார்கள். கட்சி உறுப்பினர்கள் மட்டும் போட்டிருந்தால் பியர்ஸ்தான் வென்றிருப்பார்.

உங்கள் வாதத்தின் முதல் பாதி சரி, அது முக்கியமானதும்கூட. திரும்ப அழைப்புத் தேர்தலில் உட்கட்சிச் சுற்று, அதாவது கட்சியின் வேட்பாளர் யார் என்று வாக்காளர்கள் தேர்ந்தெடுக்கும் முதல் சுற்று, இல்லை. தொகுதியின் எல்லா வாக்காளரும் ஒரே சீட்டில் போடுவார்கள். அவரது அரசியல் பலம் முழுவதும் உட்கட்சிச் சுற்றில் இருந்தது. அந்தச் சுற்று இல்லாத ஒரே தேர்தலில் தோற்றார். ஆனால் இரண்டாம் பாதியைச் சோதித்துப் பார்க்க வாய்ப்பு வந்ததே! 2012 ஆகஸ்ட் 28, 25ஆம் தொகுதி, குடியரசுக் கட்சியின் உட்கட்சித் தேர்தல். ஸ்கைமால் நிறுவனத்தைத் தொடங்கிய பாப் வோர்ஸ்லியிடம் பியர்ஸ் தோற்றார். இதற்கு என்ன சொல்வீர்கள்?

திருச்சி, தொழிற்சங்க ஆர்வலர்: அப்படியென்றால் இது 1070க்கு எதிரான மக்கள் தீர்ப்பு. அதைச் சொல்ல ஏன் தயங்குகிறீர்கள் தோழர்?

தயக்கமில்லை, தோழர், அது தவறு என்பதால் சொல்லவில்லை. 1070 சட்டமானது 2010 ஏப்ரல். அதே தொகுதி 2010 நவம்பரில் அவரை மீண்டும் தேர்ந்தெடுத்தது. மேலவையில் 30க்கு 21 இடம் அவர் கட்சிக்குக் கிடைத்தது, அவர் தலைவரானார். 1070க்காகத் தண்டிக்க நினைத்திருந்தால் அன்றே தண்டித்திருப்பார்கள்.

இடையில் நடந்தவற்றைப் பாருங்கள். 2010 நவம்பரில் யூட்டாவில் அரசியல், வணிக, சமயத் தலைவர்கள் சேர்ந்து, குடியேற்றத்தில் குடும்பங்களைப் பிரிக்காத அணுகுமுறை வேண்டும் என்று ஓர் அறிக்கை வெளியிட்டார்கள்; மார்மன் திருச்சபை அதை வரவேற்றது. மேசா 1878இல் மார்மன்கள் நிறுவிய ஊர். 1070ஐ 'நம் விழுமியம்' என்று பேசிவந்தவருக்கு அங்கே அடித்தளம் ஆடியது. 2011இல் அவர் காலத்தில் மேலவைக்கு மேலும் ஐந்து குடியேற்ற மசோதாக்கள் வந்தன: பிறப்பால் வரும் குடியுரிமையைக் கேள்வி கேட்பது, மருத்துவமனைகளும் பள்ளிகளும் ஆவணம் பார்ப்பது என்று. மாநிலத்தின் 60 நிறுவனத் தலைவர்கள், போதும் நிறுத்துங்கள் என்று கடிதம் எழுதினார்கள். மார்ச் 17இல் ஐந்தும் மேலவையிலேயே தோற்றன. அவர் தலைமை வகித்த அவை, அவர் கட்சிக்கு 21 பேர் இருந்த அவை! பதவியிழப்பு அன்றே தொடங்கிவிட்டது என்பது என் முடிவு. அதே மாதம் ஃபியஸ்டா பௌல் விளையாட்டு அமைப்பு உறுப்பினர்களுக்குக் கொடுத்த இலவசப் பயணங்கள், நுழைவுச்சீட்டுகள் வெளியே வந்தன. அந்தப் பட்டியலில் அவர் பெயரும் இருந்தது. பிறகு, வாக்கைப் பிரிக்க மூன்றாவது வேட்பாளர் ஒருவரை அவருடைய ஆதரவாளர்கள் நிறுத்தியதாக வழக்கு வந்தது. அந்த மூன்றாவது வேட்பாளர் விலகியும் பெயர் சீட்டில் இருந்தது.

இத்தனையையும் '1070 தீர்ப்பு' என்ற ஒரு சொல்லில் அடைக்காதீர்கள். 'சூழ்ச்சி' என்ற ஒரு சொல்லிலும் அடைக்காதீர்கள், டெக்சாஸ் நண்பரே.

டெக்சாஸிலிருந்து ஒருவர்: 2012இல் வோர்ஸ்லியிடம் பணம் இருந்தது.

இருந்தது. வாக்கு போட்டவர்கள் இருந்தார்கள் என்பதும் உண்மை. இதோடு இந்த விவாதத்தை முடிப்போம். வேறு கேள்விகள் காத்திருக்கின்றன.

தஞ்சாவூர் வாசகர்: செனட்டிலிருந்து நீக்க இம்பீச்மென்ட் செய்தார்களா?

இல்லை. மாநில மேலவை, திரும்ப அழைப்புத் தேர்தல். மேலே முழுக் கணக்கும் இருக்கிறது.

நாகர்கோவில் வாசகி: நம் நாட்டில் எம்.எல்.ஏ.வைத் திரும்ப அழைக்க முடியுமா?

முடியாது. மத்தியப் பிரதேசம், சத்தீஸ்கர் போன்ற சில மாநிலங்களில் உள்ளாட்சிப் பதவிகளுக்கு மட்டும் வழி உண்டு.

கோவை, அரசியல் அறிவியல் மாணவி: அவர் மீது இனவெறிக் குற்றச்சாட்டு இருந்ததே சார், அதைத் தொடவேயில்லை.

தொட வேண்டியதுதான், அம்மா. 2006இல் வெள்ளை இனவாத அமைப்பான நேஷனல் அலையன்ஸின் கட்டுரை ஒன்றை ஆதரவாளர்களுக்கு மின்னஞ்சலில் அனுப்பினார். பிறகு மன்னிப்புக் கேட்டார். அதே ஆண்டு, நாஜிக் கருத்தாளராகப் பின்னர் வெளிப்படையாக இயங்கிய ஜே.டி. ரெடிக்கு மேசா நகர்மன்றத் தேர்தலில் ஆதரவு தந்திருந்தார். 2014இல் கட்சியின் மாநிலத் துணைத் தலைவராக இருந்தபோது, அரசு மருத்துவ உதவி பெறும் பெண்களுக்குக் கட்டாயக் கருத்தடை பற்றி வானொலியில் பேசி, எதிர்ப்பு வந்ததும் விலகினார். இவை பதிவில் உள்ளவை. இவற்றை மறைத்துவிட்டு அவர் சட்ட வரைவுத் திறமையை மட்டும் பேசுவது நேர்மையில்லை.

சிவகாசி வாசகர்: 1070 இப்போதும் இருக்கா சார்?

எந்தப் பிரிவு?

சிவகாசி வாசகர்: 2(பி).

இருக்கிறது. 2016இல் வழக்குச் சமரசத்தின் பகுதியாக மாநிலத் தலைமை வழக்கறிஞர், போலீசுக்கான வழிகாட்டுதல் வெளியிட்டார். முன்மொழிவு 100ஐ மேல்முறையீட்டு நீதிமன்றம் 2014இல் ரத்து செய்தது. முன்மொழிவு 200இன் குடியுரிமைச் சான்று விதியை, மத்தியப் பதிவுப் படிவத்தைப் பொறுத்தவரை, 2013இல் உச்ச நீதிமன்றம் 7-2இல் தடுத்தது. வேலையளிப்போர் சட்டம் முழுமையாக நிற்கிறது.

சென்னை, சட்ட மாணவர்: கடைசியா ஒன்று சார். மேலவை வாக்கு சில இடத்தில் 17-13, சில இடத்தில் 17-11 என்று இருக்கிறது. எது சரி?

இரண்டும் சரி, நாள் வேறு. 17-13 என்பது 2010 பிப்ரவரி 15, மேலவையின் முதல் நிறைவேற்றம். கீழவை அதைத் திருத்தி ஏப்ரல் 13இல் 35-21 என்று நிறைவேற்றியது. திருத்தம் வந்ததால் மசோதா மேலவைக்குத் திரும்பியது; ஏப்ரல் 19இல் 17-11. மேற்கோள் காட்டுவதானால் இந்தக் கடைசி வாக்கைக் காட்டுங்கள். மேலவையில் நிறைவேற 16 வேண்டும். வந்திருப்பவர்களில் பாதி போதாது, மொத்த 30இல் பாதிக்கு மேல். அவரிடம் தேவைக்கு மேல் இருந்தது ஒரே ஒரு வாக்கு. தேடும்போது 49ஆவது சட்டமன்றம், இரண்டாவது வழக்கமான கூட்டத்தொடர் என்று தேர்ந்தெடுங்கள். எண்கள் ஒவ்வொரு கூட்டத்தொடரிலும் 1001இலிருந்து மறுபடி தொடங்கும்; வேறு ஆண்டைப் போட்டால் சம்பந்தமில்லாத ஒரு 1070 வந்து நிற்கும்.